‘செபாகாய் பெமாண்டு’: இரண்டு சொல்லில் நின்ற ஒரு வேலை

கடிதம் ஒன்றரைப் பக்கம்தான். 2017 நவம்பரில் ஒரு சனிக்கிழமை காலை, குளுகோரில் என் வீட்டு மேசைமேல் அதை விரித்து வைத்தவருக்கு வயது 46. பினாங்கில் ஒரு கூட்டரசு இலாகாவின் வாகனமோட்டி, அன்றைய கணக்கில் எச் 11 கிரேடு. இடது கால் முட்டிக்குக் கீழே செயற்கைக் கால். மனைவி பின்னால் நின்றார்.

“அண்ணே, பெர்சாரான்னு போட்டிருக்கான். எனக்கு இன்னும் 14 வருஷம் இருக்கே?”

பெர்சாரா என்றால் பணி ஓய்வு. நான் ஓய்வுபெற்ற கிராணி, அதாவது குமாஸ்தா. என் வேலைக் காலத்தில் பெரும்பகுதி பெர்கித்மாத்தான், அதாவது பணியாளர் விவகாரப் பிரிவில், ஊழியர்களின் சொந்தக் கோப்புகளோடு கழிந்தது. இப்படிப்பட்ட கடிதங்களை அந்தப் பக்கத்தில் உட்கார்ந்து நானும் தட்டச்சு செய்திருக்கிறேன். இந்த வழக்கை எழுத ஒப்புக்கொண்டதற்கு அதுவும் ஒரு காரணம். அவர் பெயரும் இலாகாவின் பெயரும் வேண்டாம் என்று அவரே சொல்லிவிட்டார். அவர் இன்னும் அங்கேதான் வேலை செய்கிறார்.

நடந்தது இது. இனிப்புநீர் (நீரிழிவு) அவருக்குப் பத்து வருடமாக உண்டு. பாதத்தில் உணர்ச்சி மரத்துப் போயிருந்தது. அந்த வருடத் தைப்பூசம் பிப்ரவரி 9. வழக்கம்போல வெறுங்காலோடு தண்ணீர்மலைக்கு நடந்தார். தார் ரோட்டுச் சூட்டில் கொப்புளம் வந்தது அவருக்கே தெரியவில்லை. மூன்றாம் நாள் சப்பாத்துக்குள் ஈரமாக இருக்கிறதே என்று கழற்றிப் பார்த்தபோதுதான் தெரிந்தது. மார்ச் நடுவில் காலை எடுத்தார்கள்.

அரசாங்க ஊழியருக்கு ஆண்டுக்கு 90 நாள் மருத்துவ விடுப்பை இலாகாத் தலைவரே கொடுக்கலாம். அதற்கு மேலே இருக்கிறவர் இன்னொரு 90 நாள் கொடுக்கலாம். இரண்டும் செப்டம்பரோடு தீர்ந்தன. அந்தச் சமயத்தில் இலாகா, மருத்துவ வாரியத்தைக் கூட்டும்படி ஆஸ்பத்திரிக்கு எழுதியது. லெம்பாகா பெருபாத்தான் என்றால் நம் ஆட்களுக்கு உடனே புரியும். அக்டோபரில் வாரியம் அவரைப் பார்த்தது. அவர் வாசலில் நுழைந்து நாற்காலிக்கு நடந்ததையும் சேர்த்துப் பத்து நிமிடம் ஆகியிருக்கும் என்கிறார். நவம்பரில் கடிதம் வந்தது: வாரியத்தின் சான்றின்படி அவரை 1980ஆம் ஆண்டு ஓய்வூதியச் சட்டத்தின் (சட்டம் 227) 10ஆம் பிரிவின்கீழ் உடல்நலக் காரணத்தால் ஓய்வுபெறச் செய்யப் பரிந்துரைக்கப் போகிறோம், சொல்ல ஏதாவது இருந்தால் 14 நாளுக்குள் சொல்லவும்.

கணக்கை முதலில் போட்டேன். மனு எழுதுமுன் ஆளுக்குக் கணக்கு தெரிய வேண்டும். அவருடைய கடைசி அடிப்படைச் சம்பளம் 2,180 வெள்ளி (ரிங்கிட்). 1999 ஜூலையில் சேர்ந்தவர், ஆக 220 மாதம். ஓய்வூதியம் என்பது 600இல் ஒரு பங்கை மாதங்களாலும் சம்பளத்தாலும் பெருக்குவது: மாதம் 799 வெள்ளி சொச்சம். பணிக்கொடை, மாதத்துக்கு 7.5 விழுக்காடு வீதம், 35,970 வெள்ளி. 60 வயதுவரை இருந்திருந்தால் 360 மாத உச்சத்தைத் தொட்டிருப்பார். சம்பளம் ஒரு காசு உயராவிட்டாலும் 1,308 வெள்ளி. உயராமலா இருக்கும்? வீட்டில் படிக்கிற பிள்ளைகள் இரண்டு. மனைவி தாளைத் திருப்பிப் பார்த்துவிட்டு, “முப்பத்தஞ்சாயிரம் கைக்கு வருதே அண்ணே” என்றார். அந்தத் தொகையைப் பார்த்துத்தான் பலர் கையெழுத்து போடுகிறார்கள். நான் அந்தப் பக்கம் இருந்தபோது கண்ணால் பார்த்தது.

திருச்சியிலிருந்து வந்த நம்பிக்கை

அவருடைய நம்பிக்கை வேறு இடத்திலிருந்து வந்திருந்தது. திருச்சியில் இருக்கும் மாமா மகன் போனில் சொல்லியிருக்கிறார்: “கால் போச்சுன்னு கவர்மெண்டு உன்னை வெளிய அனுப்பவே முடியாது மாப்ளே, சட்டம் இருக்கு.” அவர் சொன்னதில் பொய்யே இல்லை. இந்தியாவில் அப்படித்தான். அங்கே 1995ஆம் ஆண்டுச் சட்டத்தின் 47ஆம் பிரிவும், அதற்குப் பதிலாக வந்த 2016ஆம் ஆண்டு மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டத்தின் 20(4)ஆம் பிரிவும் இதை நேராகவே சொல்கின்றன. வேலையில் இருக்கும்போது உடற்குறை ஏற்பட்ட ஊழியரை அரசு நிறுவனம் நீக்கவோ பதவி இறக்கவோ கூடாது. பார்த்த வேலைக்குப் பொருந்தாவிட்டால் அதே சம்பள விகிதத்தில் வேறு பணியிடம். அதுவும் இல்லையென்றால் ஒரு கூடுதல் பணியிடத்தை உண்டாக்கி, வேறு இடம் கிடைக்கும்வரையோ ஓய்வு வயதுவரையோ அதில் வைத்திருக்க வேண்டும்.

2003இல் இந்திய உச்சநீதிமன்றம் முடித்த குணால் சிங் வழக்கு நம் ஆள் கதைக்குப் பக்கத்து வீடு மாதிரி. காவல் படைக்காரர் ஒருவர் பணியில் காலை இழந்தார். மருத்துவ வாரியம் தகுதியில்லை என்றது, வெளியே அனுப்பிவிட்டார்கள். உடல்நலிவு ஓய்வூதியம்தான் கொடுத்துவிட்டோமே என்று அரசாங்கம் வாதாடியது. அந்த ஓய்வூதியம் வாங்கியதால் 47ஆம் பிரிவின் பாதுகாப்பு போய்விடாது என்று நீதிமன்றம் சொன்னது. அது வேலை கொடுப்பவரின் தயவைப் பொறுத்த விஷயமே இல்லை, கட்டாயம் என்றும் சொன்னது.

இதை எல்லாம் நான் அவருக்குச் சொல்லி முடித்ததும் முகம் மலர்ந்தது. அடுத்த வாக்கியத்தைச் சொல்ல எனக்கே கஷ்டமாக இருந்தது. “தம்பி, அது அந்த ஊரு. நம்மூர் சட்டத்துல அப்படி ஒரு வரி கிடையாது.”

நம்மூரில் இருப்பது

மலேசியாவின் 2008ஆம் ஆண்டு மாற்றுத்திறனாளிகள் சட்டம், சட்டம் 685. அந்த ஆண்டு ஜூலை 7 முதல் நடப்பில் இருக்கிறது. அதன் 29ஆம் பிரிவு வேலை பற்றியது. மாற்றுத்திறனாளிக்கு மற்றவரோடு சமமாக வேலை வாய்ப்பு உரிமை உண்டு. முதலாளி அவருடைய உரிமையைப் பாதுகாக்க வேண்டும். அவருடைய திறனைச் சரியாக மதிப்பிட்டு, பொருத்தமான வேலையிடம் தந்து, நிலையான வேலைக்கு முயல வேண்டும் என்கிறது. அந்தப் பிரிவில் ‘முதலாளி’ என்றால் அரசாங்கமும் அடங்கும். இது பல இலாகாக்களில் இருப்பவர்களுக்கே தெரியாது. நான் கோப்பு பார்த்த காலத்தில் எனக்கும் தெரியாது.

ஆனால் இந்தச் சட்டத்துக்குப் பல் இல்லை. மீறினால் தண்டனை என்று எதுவும் கிடையாது. போதாததற்கு 41ஆம் பிரிவு, அரசாங்கத்தின்மீதும் அமைச்சர்மீதும் இந்தச் சட்டத்தின்கீழ் வழக்குப் போட முடியாதபடி வேலி கட்டி வைத்திருக்கிறது. உரிமையைக் கொடுத்துவிட்டு வாசல் கதவைச் சாத்தியது போலத்தான். நியாயமான வசதி என்ற கருத்துகூட கல்வி பற்றிய 28ஆம் பிரிவில் வருகிறதே ஒழிய, வேலை பற்றிய 29இல் வருவதில்லை. ஐநா மாற்றுத்திறனாளி உரிமை ஒப்பந்தத்தை மலேசியா 2010இல் ஏற்றுக்கொண்டது. அதன் 27ஆம் விதி, வேலைக் காலத்தில் உடற்குறை அடைந்தவர்களையும் பெயர் சொல்லியே சேர்க்கிறது. ஆனாலும் நீதிமன்றத்தில் அதை மட்டும் காட்டி ஒரு தீர்ப்பு வாங்குவது லேசல்ல.

அரசியலமைப்பைத் தூக்கினால் என்ன? என் முதல் வரைவு அப்படித்தான் இருந்தது. நான்கு பக்கம், முழுக்க 135ஆம் விதி. அரசாங்க ஊழியரைப் பணிநீக்கம் செய்யவோ பதவி இறக்கவோ முன்னால் தன் பக்கத்தைச் சொல்ல நியாயமான வாய்ப்பு தர வேண்டும் என்கிற 135(2). எழுதியதை ஒரு தடவை படித்துப் பார்க்கச் சொல்லி லெபோ லைட் பக்கம் இருக்கும் வக்கீல் பெண்ணிடம் கொண்டுபோனேன். என் நண்பரின் மகள். முதல் பக்கத்திலேயே பேனாவை மூடிவிட்டார்.

“அங்கிள், இது டிஸ்மிஸ் இல்ல, ரிட்டயர்மெண்ட். 135-ஐத் தூக்கிட்டுப் போனா, ‘நாங்க யாரையும் டிஸ்மிஸ் பண்ணலையே’ன்னு ஒரே வரியில முடிச்சிடுவாங்க.”

எனக்கு வெட்கமாகிவிட்டது. இத்தனை வருடம் கோப்பு பார்த்தவன் இதைத் தவறவிட்டிருக்கக் கூடாது. பணிநீக்கம் என்றால் ஒழுங்கு நடவடிக்கை, குற்றச்சாட்டு, துஞ்சுக் செபாப் என்ற காரணம் கேட்கும் கடிதம்; அதற்கென்று 1993ஆம் ஆண்டு நடத்தை விதிமுறைகள் இருக்கின்றன. மருத்துவ ஓய்வில் குற்றம் எதுவும் இல்லை, அதனால் அந்தப் பாதுகாப்பும் இல்லை. தப்பு செய்தவனுக்கு இருக்கும் கவசம் நோயாளிக்கு இல்லை என்று நான் முணுமுணுத்தேன். அவர் சிரிக்கவில்லை.

பாகுபாட்டைத் தடுக்கும் 8ஆம் விதியையும் கேட்டேன். 8(2)இல் மதம், இனம், வம்சாவளி, பிறந்த இடம் இருக்கின்றன. 2001இல் பாலினமும் சேர்ந்தது. உடற்குறை அந்தப் பட்டியலில் இன்றுவரை ஏறவில்லை. மிச்சம் இருப்பது 5ஆம் விதி. 1996இல் மேல்முறையீட்டு நீதிமன்றம் ‘டான் தெக் செங்’ வழக்கில், அந்த விதியில் வரும் ‘உயிர்’ என்ற சொல்லுக்குள் பிழைப்பும் அடங்கும் என்று விரித்துச் சொன்னது. முடிவு எடுத்த விதம் நியாயமில்லை என்றால் உயர் நீதிமன்றத்தில் நீதி மறுஆய்வு கேட்கலாம். அதற்கு முடிவு கைக்கு வந்த நாளிலிருந்து மூன்றே மாதம். மறந்தவர்கள் நிறையப் பேர். தொழில் நீதிமன்றம் பக்கம் போகவே முடியாது. 1967ஆம் ஆண்டுத் தொழில் உறவுச் சட்டத்தின் 20ஆம் பிரிவு அரசாங்க ஊழியருக்குப் பொருந்தாது.

இங்கே ஒரு பக்கச் செய்தி. அரசாங்க ஆஸ்பத்திரியில் கூட்டித் துடைப்பவர்களும் பள்ளிக்கூடத்து ஜாகா எனும் காவலாளிகளும் தங்களை அரசாங்க ஆள் என்று நினைத்துக்கொண்டு என்னிடம் வருகிறார்கள். பெரும்பாலும் அவர்கள் குத்தகை நிறுவனத்தின் ஆட்கள். அவர்களுக்கு வழி வேறு: அநியாய நீக்கம் என்றால் 60 நாளுக்குள் தொழில் உறவு இலாகாவில் புகார். உடல் முடியாமல் போனால் தொழிலாளர் சமூகக் காப்புறுதி நிறுவனமான பெர்க்கேசோவின் உடல்நலிவு ஓய்வூதியமும், 2007 முதல் நடக்கும் மீண்டும் வேலைக்குத் திரும்பும் திட்டமும். பெர்க்கேசோ ஆளுக்கு ஒரு அதிகாரி போட்டு முதலாளியோடு பேச வைக்கிறது. மலாக்காவில் மறுவாழ்வு மையமே கட்டி வைத்திருக்கிறது. ஓய்வூதியத் தகுதியுள்ள அரசாங்க ஊழியர் பெர்க்கேசோவில் இல்லாததால் அந்த வழி அவருக்குக் கிடையாது. கொடுத்து வைத்தவன் என்று ஊர் சொல்லும் ஆளுக்கு இந்த ஒரு விஷயத்தில் கொடுத்து வைக்கவில்லை.

கேள்வியைக் கேட்டவர் யார்

நான் கிளம்பும்போது வக்கீல் பெண் ஒன்று கேட்டார். “வாரியத்துக்கு இலாகா எழுதின கடிதம் உங்ககிட்ட இருக்கா?” இல்லை. எங்களிடம் இருந்தது முடிவு மட்டும். வாரியத்திடம் என்ன கேட்டார்கள் என்பது தெரியாது.

திங்கட்கிழமை அவரே இலாகாவுக்குப் போய்க் கேட்டார். ‘சுலிட்’, ரகசியம், என்று சொல்லி முதலில் மறுத்தார்கள். நிர்வாகப் பிரிவில் ஒரு மலாய்க்காரப் பெண், கால்நூற்றாண்டாக அங்கே இருப்பவர், “அவர் உடம்பைப் பற்றிய கடிதம்தானே” என்று மேலதிகாரியிடம் கேட்டு நகல் எடுத்துக் கொடுத்தார்.

மூன்று பத்தி. இரண்டாம் பத்தியில் உயிர்நாடி இருந்தது. இந்த அலுவலர் தொடர்ந்து ‘செபாகாய் பெமாண்டு’, அதாவது வாகனமோட்டியாக, பணியாற்றத் தகுதியானவரா என்று வாரியம் சான்றளிக்க வேண்டும். அவ்வளவுதான் கேள்வி. வாரியத்தின் பதில்? வாகனமோட்டியாகப் பணியாற்றத் தகுதியில்லை. டாக்டர்கள் கேட்டதற்கு நேர்மையாகப் பதில் சொல்லியிருக்கிறார்கள். வேறு வேலைக்குத் தகுதியா என்று யாரும் கேட்கவில்லை, அவர்களும் சொல்லவில்லை. அந்தப் பதில் இலாகாவுக்குத் திரும்பி வரும் வழியில் ‘வாகனமோட்டியாக’ என்ற சொல் கழன்று விழுந்து, ‘பணியாற்றத் தகுதியில்லை’ என்று மட்டும் நவம்பர் கடிதத்தில் ஏறிவிட்டது.

இது சதி என்று நான் நினைக்கவில்லை. பழைய கடிதத்தைத் திறந்து, பெயரையும் அடையாள அட்டை எண்ணையும் பதவியையும் மாற்றி அச்சடித்திருப்பார்கள். நானும் அப்படித்தான் செய்துகொண்டிருந்தேன். என் கையால் போன கடிதங்களில் எத்தனையில் அந்த ‘செபாகாய்’ இருந்தது என்று அன்று இரவு எண்ணிப் பார்த்தேன், எண்ண முடியவில்லை.

நான்கு பக்க வரைவைக் கிழித்துவிட்டு ஒன்றேகால் பக்கத்தில் புதிதாக எழுதினேன். சண்டைச் சொல் ஒன்றுகூட இல்லாமல். முதலில், வாரியத்தின் பதிலுக்கும் நவம்பர் கடிதத்துக்கும் உள்ள வித்தியாசத்தை இரண்டு வரியையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துக் காட்டினேன். அடுத்து 29ஆம் பிரிவு: அரசாங்கமும் முதலாளி, திறனை மதிப்பிட வேண்டும், மதிப்பிடவில்லை. பிறகு ஒரு வேண்டுகோள்: கிரேடு 11இல் உள்ள மற்ற வேலைகளுக்கு, உட்கார்ந்து பார்க்கும் வேலைகளுக்கு, இவர் தகுதியா என்று வாரியத்திடம் திரும்பக் கேளுங்கள்.

கடைசிப் பத்திதான் வேலை செய்தது என்று நினைக்கிறேன். அரசாங்க வேலையில் ஒரு விழுக்காட்டை மாற்றுத்திறனாளிகளுக்கு ஒதுக்கச் சொல்லும் சுற்றறிக்கை 2008இலேயே வந்தது, பொதுச்சேவை சுற்றறிக்கை எண் 3. அந்த ஒரு விழுக்காட்டுக்காக இலாகாக்கள் வெளியே ஆள் தேடுகின்றன. இங்கே 18 ஆண்டு அனுபவத்தோடு ஒருவர் உள்ளேயே இருக்கிறார், அவரை அனுப்பிவிட்டு யாரைத் தேடப் போகிறீர்கள் என்று பணிவாகக் கேட்டிருந்தேன்.

இதற்கு ஓகேயூ அட்டை, மாற்றுத்திறனாளி அட்டை, வேண்டும். அவர் எடுத்திருக்கவில்லை. சமூகநல இலாகாவில் பதிவதற்கு டாக்டர் கையெழுத்திட்ட பாரம்தான் முக்கியம், கட்டணமும் இல்லை. ஆனால் எட்டு மாதமாகத் தள்ளிப்போட்டிருந்தார். “அதை எடுத்தா நானே முடியாதவன்னு ஒத்துக்கிட்ட மாதிரி ஆயிடும்ணே.” மனைவிதான் பிடித்து இழுத்துக்கொண்டு போனார். 13ஆம் நாள் மனுவோடு பதிவு ரசீதின் நகலும் போனது.

இன்னொன்றும் போனது. அவர் என்னிடம் முதல் நாளே காட்டிய சின்ன நோட்டுகள், பள்ளிப் பிள்ளைகள் வாங்கும் 555 நோட்டு, மொத்தம் 31. தான் ஓட்டிய ஒவ்வொரு வண்டிக்கும் எத்தனை கிலோமீட்டர், எத்தனை லிட்டர், எப்போது டயர் மாற்றியது என்று எழுதி வைத்திருந்தார். இலாகாவின் பூக்கு லோக், வண்டி ஓட்டப் பதிவேடு, தனியாக உண்டு. இது அவர் சொந்தக் கணக்கு. ஒரு பக்கத்தில் ஒரு வேனின் எண்ணெய்ச் செலவு திடீரென்று ஏறியதைச் சிவப்பு மையில் வட்டமிட்டு, ‘இன்ஜெக்டர்?’ என்று தமிழில் எழுதியிருந்தார். பத்துப் பக்கத்தை நகல் எடுத்து இணைத்தேன்.

பதில் வர ஏழு வாரம். இரண்டாவது வாரியம் 2018 பிப்ரவரியில் கூடியது. இந்த முறை கேள்வி இரண்டு இருந்தது, பதிலும் இரண்டு வந்தது: வாகனமோட்டத் தகுதியில்லை, இலகுவான, உட்கார்ந்து செய்யும் பணிக்குத் தகுதியானவர். ஓய்வுப் பரிந்துரை கைவிடப்பட்டது. இலாகாவின் வாகனப் பிரிவிலேயே, முன்பதிவு, எண்ணெய் இண்டன் (கோரிக்கைச் சீட்டு), பூக்கு லோக் சரிபார்ப்பு எல்லாம் அவர் கைக்கு வந்தன.

பிறகு

வெற்றிக் கதை என்று இதைச் சொல்லிக்கொண்டு திரிய எனக்கு வாய் வரவில்லை. வண்டி ஓட்டிய காலத்தில் ஓவர்டைமும் வெளியூர்ப் பயணப் படியும் சேர்ந்து வந்தது, அது நின்றுபோனது. கடைக்குட்டியின் டியூஷனை நிறுத்தினார்கள். கழிப்பறை இன்னொரு கதை. வாகனப் பிரிவில் இருந்தது குந்தி உட்காரும் கழிப்பறை. செயற்கைக் காலோடு குந்த முடியாது. உட்காரும் கழிப்பறை மாடியில். படி 22, அவர் எண்ணியிருக்கிறார். எட்டு மாதம் காலையில் தண்ணீர் குடிக்காமல் வேலைக்குப் போனார். இனிப்புநீர்க்காரர் தண்ணீர் குடிக்காமல் இருக்கலாமா? கீழே ஒரு பீங்கான் இருக்கையைப் பொருத்த எட்டு மாதத்தில் மூன்று கடிதம் எழுதினேன். மூன்றிலும் 29ஆம் பிரிவு இருந்தது. கடைசியில் அது வந்தது, கைப்பிடி இல்லாமல். கைப்பிடியை அவரே ஒரு ஞாயிற்றுக்கிழமை ஹார்ட்வேர் கடையில் வாங்கிப் பொருத்தினார்.

வாகனமோட்டி வேலையிலிருந்து அலுவலக உதவியாளர் திட்டத்துக்கு, ‘என் 11’ (N11) கிரேடுக்கு, முறைப்படி மாற்றும் கடிதம் வர 14 மாதம் ஆனது. அதுவரை பெயரளவில் ஓட்டாத ஓட்டுநர். மாற்றம் வந்தபோது சம்பளம் குறையவில்லை, ஆனால் புதுத் திட்டத்தில் மூப்பு மாற்றம் நடந்த தேதியிலிருந்துதான் எண்ணப்பட்டது. 1999இல் சேர்ந்தவர் மூப்புப் பட்டியலில் 2016இல் சேர்ந்த பையனுக்குக் கீழே. குணால் சிங்குக்குக் கிடைத்த பாதுகாப்பில் இது நடந்திருக்காது என்று அவரிடம் நான் சொல்லவில்லை. திருச்சி மாமா மகன் சொல்லிவிட்டார்.

மூப்பைத் திருத்தக் கேட்டு மனு போட்டோம். கிடைத்த பதில், ‘பரிசீலனையில் உள்ளது’. அதன்பிறகு கிரேடுகளே மாறிவிட்டன. 2024 டிசம்பரில் புதுச் சம்பள முறை வந்து, ‘என் 11’ என்பது ‘என் 1’ ஆனது. மனுவில் பழைய கிரேடு இருப்பதால் திரும்ப எழுதி அனுப்பும்படி போன மாதம் ஒரு கடிதம் வந்திருக்கிறது. சனிக்கிழமை வருவதாகச் சொல்லியிருக்கிறார்.